உறவோர் பாட்டில்

நோயாளியின் கைக்குப் போக வேண்டிய குழாயைச் சுவருக்கும், சுவருக்குப் போக வேண்டிய குழாயை நோயாளியின் கைக்குமாக நான் மாற்றிச் செருகிய அன்று, எனக்குப் பணியில் பதினோராவது ஆண்டு நடந்துகொண்டிருந்தது. அதுவரை ஒரு தவறும் செய்ததில்லை. செய்வதற்கு அந்த வேலையில் இடமே இல்லை என்றுதான் நாங்கள் எல்லோரும் நினைத்திருந்தோம். இடம் இல்லாத இடத்தில் இடம் கண்டுபிடிப்பது எனக்குச் சின்ன வயதிலிருந்தே கைவந்த கலை.

செவ்வாய்க் கிரகத்தின் பாறைக்குள் குடைந்த எங்கள் ஊரான தென்குடைவின் மருத்துவமனையில், தீவிரப் பிரிவில் ஒவ்வொரு கட்டிலுக்கு மேலும் இரண்டு பாட்டில்கள் தொங்கும். ஒன்று நோயாளிக்கு. இன்னொன்று அவருடைய உறவினர்களுக்கு.

நோயாளியின் பாட்டில் சிறியது, குழாயில் நீலக் கவ்வி இருக்கும். அதில் சொட்டு எப்போதாவதுதான் விழும். உறவினர்களின் பாட்டில் ஒரு லிட்டர், மஞ்சள் கவ்வி. அதில் சொட்டு விடாமல் விழும். செவ்வாயில் ஈர்ப்பு குறைவு என்பதால் ஒவ்வொரு சொட்டும் பருத்து, சாவகாசமாக இறங்கும். பார்க்க நன்றாகவே இருக்கும். அந்தக் குழாய் நோயாளியின் கையை ஒட்டியபடி ஓடி, போர்வைக்குள் நுழைந்து, கட்டிலின் கம்பிக்குள் புகுந்து சுவருக்குப் போய்விடும். சுவருக்குள் ஒரு குட்டிப் பம்பு அதே உப்புநீரைத் தாங்குகம்பி வழியாக மறுபடியும் பாட்டிலுக்கே ஏற்றிவிடும். ஒரே தண்ணீர் சுற்றிச் சுற்றி வரும். மட்டம் இறங்கவே இறங்காது. அழுதுகொண்டிருப்பவர்கள் சொட்டைத்தான் பார்ப்பார்கள், மட்டத்தைப் பார்க்க மாட்டார்கள் என்பது எங்கள் நம்பிக்கை.

அந்த இரண்டாவது பாட்டிலை மாட்டுவதும் கழற்றுவதும்தான் என் பிழைப்பு. பதவியின் பெயர்: ஆறுதல் பிரிவு, துளிப்பணியாளர், இரண்டாம் நிலை. முதல் நிலையில் யாரும் இருந்ததாகத் தெரியவில்லை.

இது ஏன் வந்தது என்று சொல்லிவிடுகிறேன். முதல் குடியேறிகள் பூமியிலிருந்து வந்தபோது பூமியின் மருத்துவ நெறியையும் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்தார்கள். கிருமி இரத்தத்தில் பரவி, அழுத்தம் விழுந்து, ஆள் மயங்கினால், உடல் எடையில் கிலோவுக்கு முப்பது மில்லி உப்புநீரை முதல் மூன்று மணி நேரத்துக்குள் ஏற்று. பூமியின் இதயம் அதைத் தாங்கும். இங்கே மூன்று தலைமுறையில் எங்கள் இதயம் சுருங்கிவிட்டது. நிற்பதற்கும் நடப்பதற்கும் அதிகம் உழைக்க வேண்டாத இடத்தில் அது சோம்பேறியாகிவிட்டது. காய்ச்சல் வந்தால் இரத்தக் குழாய்கள் வேறு ஒழுக ஆரம்பிக்கும். ஏற்றிய நீர் குழாய்க்குள் நிற்காமல் நுரையீரலுக்குள் போய்த் தேங்கிவிடும். ஒரு குட்டைகூட இல்லாத கிரகத்தில், முதல் நாற்பது ஆண்டுகளில் நாங்கள் இருநூறு பேரைக் கட்டிலில் வைத்தே மூழ்கடித்தோம்.

பிறகு நெறியைத் திருத்தினார்கள். மறுபடியும் திருத்தினார்கள். ஒன்பதாவது திருத்தம் இப்படி முடிந்தது: கால் லிட்டர் கொடு. கட்டிலைச் சாய்த்துக் காலை உயர்த்திப் பார். காலில் இருக்கும் இரத்தம் மேலே வந்ததும் இதயம் கூடுதலாக அடித்துக் கொடுத்தால், இன்னும் கொஞ்சம் கொடு. இல்லையென்றால் நிறுத்து. மீதியை மார்புப் பதியம் பார்த்துக்கொள்ளும். அது நெஞ்சுக்குள் புதைத்திருக்கும் சிறு கருவி. இரத்தக் குழாய்களை இறுக்கும் மருந்தை அளந்து விடும்.

அறிவியலுக்கு அது போதும். ஆனால் வாசலில் நிற்கும் மச்சானுக்கும் மாமியாருக்கும் 'நிறுத்து' என்கிற சிகிச்சையை எப்படிக் காட்டுவது? "சும்மா படுக்கப் போட்டு வெச்சிருக்கீங்களே, ஒரு பாட்டிலாவது ஏத்தக் கூடாதா?" என்று கேட்டுக் கேட்டு, ஒரு வருடம் கதவை உடைத்தார்கள். அடுத்த வருடம் ஒரு டாக்டரின் முன்பல் போனது. ஒன்பதாவது திருத்தத்துக்கு அவசரமாக ஒரு பின்னிணைப்பு எழுதினார்கள். உறவோர் பாட்டில் அப்படித்தான் பிறந்தது. கூடவே என் வேலையும்.

மாசிலாமணி பனிப்பாறை துளைக்கும் வேலையில் இருந்தவர். துளைக்கருவி பாதத்தைக் கிழித்து, புண் புரையோடி, நஞ்சு இரத்தத்தில் ஏறிய பிறகுதான் வந்து சேர்ந்தார். வந்த அன்று நினைவோடுதான் இருந்தார். வாசலில் அவருடைய தம்பி குணாளன், "எங்க அண்ணனுக்கு ஏத்துங்க சார், நல்லா ஏத்துங்க!" என்று கத்திக்கொண்டிருந்தான். நான் மஞ்சள் பாட்டிலோடு உள்ளே போனேன்.

மாசிலாமணி ஒரு கண்ணைத் திறந்து பார்த்தார். "தம்பி, குணாளனுக்குப் பெரிய பாட்டிலா மாட்டுங்க. அவனுக்குத்தான் ரொம்ப முடியல."

காய்ச்சலில் உளறுகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

அவர் மனைவி அஞ்சுகம் கட்டிலை விட்டு நகரவில்லை. குடைவின் தண்ணீர்க் குழாய்ப் பிரிவில் முப்பது வருடமாக ஃபிட்டர். ஐம்பது வயதிருக்கும். அழவில்லை, கேள்வி கேட்கவில்லை, யாரையும் திட்டவில்லை. புருஷனின் கையைப் பிடித்துக்கொண்டு பாட்டிலையே பார்த்துக்கொண்டிருப்பாள். என் பிரிவின் கணக்கில் மிக நல்ல உறவினர். ஆனால் இரண்டாம் நாள் மாசிலாமணி நினைவிழந்த பிறகு அவள் பேச்சையே நிறுத்திவிட்டாள். அதைப் பார்த்துக்கொண்டு என்னால் இருக்க முடியவில்லை. யாராவது சோகமாக உட்கார்ந்திருந்தால் எனக்கு வாய் சும்மா இருக்காது. இந்தக் குணத்துக்கும் ஒரு கவ்வி கண்டுபிடித்திருக்கலாம்.

நான்காம் நாள் காலை எட்டு மணி. போர்வை மாற்றுவதற்காக இரண்டு குழாய்களையும் கழற்றினேன். போர்வையை விரித்தபடியே அஞ்சுகத்திடம் என் பரீட்சைக் கதையைச் சொன்னேன்.

"நான் டாக்டர் பரீட்சை மூணு தடவை எழுதினவன்க்கா. மூணாவது தடவை இதயம் எந்தப் பக்கம்னு கேட்டாங்க. இடது பக்கம்னு கரெக்டாச் சொல்லிட்டேன். சரி, எதிர்ல படுத்திருக்கிற பொம்மையில தொட்டுக் காட்டுன்னாங்க. நான் என்னோட இடது பக்கத்தை வெச்சுக் காட்டுனேன். பொம்மைக்கு வலது பக்கம்! பரீட்சகர் எழுந்து நின்னு, 'பரந்தாமா, நீ தொட்டது ஈரல்'ன்னார்."

அஞ்சுகம் சிரித்தாள். சின்னச் சிரிப்புதான். மூக்கால் வந்த சிரிப்பு. நான்கு நாளில் முதல் தடவை. எனக்கு அப்படியொரு சந்தோஷம். அந்தச் சந்தோஷத்தோடேயே இரண்டு குழாய்களையும் செருகினேன். நீலத்தைச் சுவருக்கு. மஞ்சளை மாசிலாமணிக்கு.

எங்கள் பிரிவில் எல்லாவற்றையும் கண்காணிப்பது நெறிப்பொறி. நோயாளியின் துடிப்பு, அழுத்தம், மூச்சு எல்லாவற்றையும் வாங்கி, ஒன்பதாவது திருத்தத்தோடு ஒப்பிட்டு, என்ன செய்யலாம் என்று சொல்லும். கேட்டதற்கு நேராகப் பதில் சொன்னதே கிடையாது என்பதால் நாங்கள் அதை வாத்தியார் என்று கூப்பிடுவோம். வாத்தியார் நீலக் குழாயைக் கவனிப்பார். அதில் ஏதோ ஓடிக்கொண்டிருந்தது, திருப்தி. மஞ்சள் குழாயில் உணர்கருவியே கிடையாது. மருந்தில்லாத ஒன்றுக்கு எதற்கு என்று யாரோ மிச்சம் பிடித்திருக்கிறார்கள்.

பத்து மணிக்கு டாக்டரம்மா ஃபிர்தவ்ஸ் சுற்றுக்கு வந்தார். திரையைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்தது. அழுத்தம் ஏறியிருந்தது. "பரவாயில்லையே! கொஞ்சம் தேறியிருக்கார்" என்றார். வாத்தியாரும், "முன்னேற்றம். காரணம் அறியப்படவில்லை" என்று எழுதினார். வெளியே குணாளன் யாரையோ கட்டிப் பிடித்துக்கொண்டான்.

பத்தே முக்காலுக்கு நான் திரும்பி வந்தேன். உறவோர் பாட்டில் காலியாக இருந்தது.

பதினோரு வருடத்தில் நான் பார்த்திராத காட்சி. நின்றுபோன கடிகாரத்தைப் பார்ப்பது போலச் சில விநாடிகள் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு போர்வையைத் தூக்கினேன். மஞ்சள் கவ்வி மாசிலாமணியின் கையில் இருந்தது.

ஓடிப்போய் ஃபிர்தவ்ஸிடம் சொன்னேன். அவர் வந்து குழாயைப் பிடுங்கினார். சிறுநீர் பிரிக்கும் மருந்தை ஏற்றினார், மூச்சுக் கருவியின் அழுத்தத்தைக் கூட்டினார். நடந்தது என்னவென்று அஞ்சுகத்துக்கு யாரும் சொல்லவில்லை. சாயங்காலம் மாசிலாமணியின் மூச்சில் கொழகொழவென்று ஒரு சத்தம் கேட்க ஆரம்பித்தது. மறுநாள் மதியம் அது நின்றது.

அப்புறம் நான் ஒரே ஒரு கேள்வியோடு அலைய ஆரம்பித்தேன்.

முதலில் டாக்டரிடம் போனேன்.

"மேடம், என்னாலதானே போனார்?"

"பரந்தாமன், வரும்போதே ரொம்ப மோசமா இருந்தார். பிழைக்க மூணுல ஒரு பங்குதான் வாய்ப்பு."

"அந்த ஒரு பங்கை நான் எடுத்துட்டேனா?"

"அப்படிப் பார்க்கக் கூடாது."

"எப்படிப் பார்க்கணும் மேடம்?"

ஃபிர்தவ்ஸ் மேசையில் இருந்த காகிதத்தை அடுக்கினார். ஏற்கெனவே அடுக்கித்தான் இருந்தது. "டீ குடிச்சீங்களா?" என்றார்.

வாத்தியாரிடம் போனேன். திரையின் முன் நின்று, எனக்குத் தெரிந்த மிகத் தெளிவான தமிழில் கேட்டேன்.

"உமது செயலின் பங்கு பதினொன்று முதல் அறுபத்து மூன்று விழுக்காடு வரை" என்றார் வாத்தியார். "சான்றின் வலு: தாழ்வு. இம்முடிவின் மீதான நம்பிக்கை: மிதம்."

"ஆமாவா, இல்லையா?"

"வினா, விடை கூறத்தக்க வடிவில் இல்லை."

விசாரணைக் குழு உட்கார்ந்தது. என்னைத் திட்டவே இல்லை. திட்டினால் தேவலை என்றிருந்தது. இது தனி ஒருவரின் பிழையல்ல, அமைப்பின் குறை என்றார்கள். மஞ்சள் கவ்வியின் வாய் இனி நீலத்தின் இணைப்பில் பொருந்தாத அளவுக்குச் செய்யப்பட வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். எனக்கு ஒரு வாரம் விடுப்பும், "உங்கள் அர்ப்பணிப்பை மதிக்கிறோம்" என்று ஒரு கடிதமும் கொடுத்தார்கள். கடிதத்தை மூன்று தடவை படித்தேன். நல்ல கடிதம். வார்த்தை வார்த்தையாகச் சொட்டியது. ஒன்றும் உள்ளே ஏறவில்லை. அப்போதுதான் உறைத்தது. எனக்கும் ஒரு பாட்டில் மாட்டியிருக்கிறார்கள்.

திரும்பவும் ஃபிர்தவ்ஸிடம் போனேன். "அஞ்சுகம் அக்காகிட்ட சொல்லிடறேன் மேடம்."

அவர் எழுந்து கதவைச் சாத்தினார். "சொன்னா என்ன ஆகும் தெரியுமா? உறவோர் பாட்டில்னு ஒண்ணு இருக்கிறதே வெளியே வந்துடும். நாளையிலேர்ந்து ஒருத்தரும் மஞ்சளை நம்ப மாட்டாங்க. நிஜமா ஏத்துன்னு கதவை உடைப்பாங்க. பயந்துகிட்டு நாங்களும் ஏத்துவோம். இன்னும் பத்துப் பேர் மூழ்குவாங்க. உங்க மனசு லேசாகறதுக்கு அந்தப் பத்துப் பேரா?"

அவர் சொன்னதில் தப்பில்லை. அதனால்தான் பத்து நாள் பேசாமல் இருந்தேன். பதினோராவது நாள், என் மனசை லேசாக்கிக்கொள்வதற்கு அல்ல என்று எனக்கு நானே பொய் சொல்லிக்கொண்டு, நீரேற்று நிலையத்துக்குப் போனேன்.

அஞ்சுகம் வேலைக்குத் திரும்பியிருந்தாள். முழங்கால் போட்டு உட்கார்ந்து ஒரு பெரிய வால்வைக் கழற்றிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் ஆச்சரியப்படவில்லை.

"வாங்க தம்பி. கீழ பார்த்து வாங்க, வழுக்கும். அந்த ஸ்பேனரை எடுங்க. அது இல்ல, பெருசு."

எடுத்துக் கொடுத்தேன். சரியானதைத்தான் கொடுத்தேனா என்று இரண்டு தடவை பார்த்தேன்.

"அக்கா, உங்ககிட்ட ஒரு விஷயம் சொல்லணும். சொல்லக் கூடாதுன்னு இருக்காங்க. கட்டிலுக்கு மேல ரெண்டு பாட்டில் இருக்குமே..."

"மஞ்சள் சுவத்துக்குள்ள போறதா?"

நான் குனிந்து அவள் முகத்தைப் பார்த்தேன்.

"அந்தச் சுவத்துக்குள்ள லைன் போட்டது யாருன்னு நினைச்சீங்க? உங்க டாக்டரம்மாவா?" அஞ்சுகம் வால்வின் தலையைத் துணியால் துடைத்தாள். "ஆறு கட்டிலுக்கு என் கையாலயே போட்டேன். எதுக்குன்னு கேட்டதுக்கு, அலங்காரத்துக்குன்னாங்க."

"அப்ப உங்களுக்கு முதல் நாளே..."

"எனக்கு மட்டுமா? அவருக்குத் தெரியும். குணாளனுக்குத் தெரியும். குடைவுல யாருக்குத் தம்பி தெரியாது? உங்க ஆஸ்பத்திரிக்காரங்களுக்குத்தான், எங்களுக்குத் தெரியும்கிறது தெரியாது."

"தெரிஞ்சுகிட்டா குணாளன் அந்தக் கத்து கத்தினார்? ஏத்துங்க ஏத்துங்கன்னு?"

"வேற என்ன செய்யச் சொல்றீங்க அவனை? கையைக் கட்டிக்கிட்டு நிக்கவா? அண்ணன் உள்ள கிடக்கான். ஏதாவது கேக்கணும். நீங்களும் பாவம், ஏதாவது செய்யணும். நீங்க மாட்டுறீங்க, நாங்க பார்க்கறோம். தண்ணி ஓடுறதைப் பார்த்துக்கிட்டிருந்தா ஒரு நாள் ஓடிப்போகுது." அவள் ஸ்பேனரைக் கீழே வைத்தாள். "எங்க தாத்தன் பூட்டனெல்லாம் பூமியில தலைவலிக்கே குளுக்கோஸ் ஏத்துங்கன்னு க்ளினிக்ல வரிசையில நிப்பாங்களாம். ஏறினாத்தான் வைத்தியம். ஏறலைன்னா ஏமாத்துறான்னு அர்த்தம். அந்த ரத்தம்தானே."

பதினோரு வருடம். எத்தனை பேர் முன்னால் எவ்வளவு பக்குவமாக மாட்டியிருப்பேன். போர்வையை எப்படி இழுத்துவிட்டிருப்பேன். அத்தனை பேரும் என் மனம் நோகக் கூடாதே என்று பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். வேறொரு நாளாக இருந்தால் இதைச் சொல்லி ஊரையே சிரிக்க வைத்திருப்பேன்.

"அது இல்லக்கா நான் சொல்ல வந்தது" என்றேன். "நாலாம் நாள் காலையில, உங்களைச் சிரிக்க வெச்சேனே... அப்ப நான் குழாயை மாத்திச் செருகிட்டேன். மஞ்சள் அவர் கைக்குப் போயிடுச்சு. ஒரு லிட்டரும்."

அஞ்சுகம் வால்விலிருந்து கையை எடுத்தாள். கையுறையைக் கழற்றினாள். ஒவ்வொரு விரலாக இழுத்து, இரண்டையும் ஒன்றின் மேல் ஒன்றாக வால்வின் மேல் வைத்தாள்.

"அதுவும் தெரியும்" என்றாள்.

"எப்படி?"

"முப்பது வருஷமா மட்டம் பார்க்கறவ தம்பி நான். ஒன்பது மணிக்கு ரெண்டு விரல் இறங்கியிருந்துச்சு. சுவத்துல காதை வெச்சுப் பார்த்தேன். பம்பு வெறுமனே சுத்துது. அப்ப தண்ணி எங்க போகுது? அவர் கைக்குத்தானே போகணும்?"

"ஏன்க்கா கூப்பிடலை? ஒரு குரல் குடுத்திருந்தா..."

"கூப்பிட்டா நிறுத்திருவீங்களே."

பக்கத்துச் சுரங்கத்தில் ஒரு பம்பு இயங்க ஆரம்பித்து, அதிர்வு தரை வழியாக என் காலுக்கு வந்தது. அவள் அது அடங்கும்வரை காத்திருந்தாள்.

"ஏத்தினா மூழ்கிப் போவாங்கன்னு எங்களுக்குப் பள்ளிக்கூடத்துலயே சொல்லிக் குடுத்ததுதான். தெரியாம இல்ல. ஆனா அன்னிக்கு என்ன நினைச்சேன்னா, யாரோ ஒருத்தருக்கு மனசு கேக்கல, விதியை மீறித் திருட்டுத்தனமா எங்க ஆளுக்கு மட்டும் நிஜமா ஏத்துறாங்கன்னு நினைச்சேன். நீங்கதான்னு நினைச்சேன். காட்டிக் குடுக்கக் கூடாதுன்னு வாயை மூடிக்கிட்டேன். பத்து மணிக்குத் திரையில நம்பரும் ஏறுச்சு. சில்லுன்னு கிடந்த கை சூடாச்சு. டாக்டரம்மா சிரிச்சாங்க. எல்லாரையும் மூழ்கடிக்கிற தண்ணி இவரை மட்டும் ஒண்ணும் பண்ணாதுன்னு நம்பிட்டேன்."

நான் தரையில் உட்கார்ந்துவிட்டேன். ஈரம் கால்சட்டையில் ஏறியது. சொல்வதற்கு ஒரு வேடிக்கையும் வரவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக வாய் சும்மா இருந்தது. பிறகு, அவர் போனதிலிருந்து ஊரெல்லாம் கேட்டு அலைந்ததை அவளிடமும் கேட்டேன்.

"டாக்டரைக் கேட்டேன். பொறியைக் கேட்டேன். குழுவையும் கேட்டுட்டேன். ஒருத்தரும் சொல்ல மாட்டேங்கறாங்க. நீங்க சொல்லுங்கக்கா. என்னாலதான் போனாரா?"

அஞ்சுகம் என் முகத்தை நேராகப் பார்த்தாள்.

"ஆமா தம்பி" என்றாள். "நீங்க மாத்தி மாட்டுனீங்க. நான் மட்டம் இறங்குறதைப் பார்த்துப் பார்த்துச் சந்தோஷப்பட்டேன். அதுலதான் போனார்."